கண்மாய்க்கு நீர்பாய்ச்சி உண்டு, கரட்டுக்கு யார்?

மேலூர், நத்தம் பக்கத்துக் கண்மாய்களில் கோடையில் தண்ணீர் வற்றி வரும்போது மீன்பிடித் திருவிழா நடக்கும். அதுவரை யாரும் வலை போடக் கூடாது. குறித்த நாளில் ஊர்ப் பெரியவர் கரையில் நின்று வெள்ளைத் துண்டை வீசிய பிறகுதான் வலையும் ஊத்தாவும் கச்சாவும் தண்ணீருக்குள் இறங்கும். ஒரு பொதுச் சொத்தை மாதக்கணக்கில் மூடி வைப்பதும், எல்லாரும் பார்க்க ஒரு நாளில் திறப்பதும், முந்திக்கொண்டவருக்குத் தெண்டம் போடுவதும் அந்த ஊருக்குப் பழகிய வேலைகள். மடையைத் திறந்து மூட நீர்பாய்ச்சி என்று ஓர் ஆளை வைத்து, களத்திலேயே நெல் அளந்து கூலி கொடுத்த வழக்கமும் இங்கே உண்டு.

அதே ஊருக்குப் பின்னால் நிற்கிற கரட்டுக்கு, அந்தச் சிறு பாறைக்குன்றுக்கு, இவற்றில் ஒன்றும் கிடையாது. யார் எப்போது போகலாம், எதை வெட்டலாம், எவ்வளவு எடுக்கலாம் என்று கேட்டால் "அது பாரஸ்ட்காரங்க பாடு" என்பார்கள், அல்லது தோளைக் குலுக்குவார்கள். ஊரே பார்த்துக்கொள்ளும் சமூகக் காடு பற்றிய பேச்சை நாம் மரக்கன்று நடும் விழாவில் தொடங்கிப் பழகிவிட்டோம். மதுரை வட்டாரத்தில் அதைக் கண்மாயிலிருந்து தொடங்குவதே சரி என்பது என் கட்சி. மூடல், திறப்பு, காவல், கணக்கு ஆகிய நான்கும் ஊருக்குத் தெரிந்தவை. மரத்துக்கு ஏற்ப அவற்றை மாற்றிக்கொள்ளும் விவரம்தான் தேவை.

முதல் வேலை ஏட்டைப் பார்ப்பது. ஊரில் எல்லாரும் "காடு" என்று சொல்லும் நிலம் வருவாய்த்துறைப் பதிவில் வேறு பெயர்களில் கிடக்கும். கிராம நிர்வாக அலுவலரிடம் நில வகைகளைச் சொல்லும் அ-பதிவேட்டையும் புலப்படத்தையும் வாங்கி விரித்தால், ஒரே கரடு பல சர்வே எண்களில் பல வகையாகப் பிரிந்திருக்கும்: மேல்சரிவு வனத்துறையின் காப்புக்காடு, அடிவாரம் கல்லாங்குத்து, ஒரு பக்கம் மேய்ச்சல் புறம்போக்கு, ஐயனாரைச் சுற்றிக் கோயில் புறம்போக்கு, நடுவே ஓடை. ஒவ்வொன்றுக்கும் கேட்க வேண்டிய அலுவலகம் வேறு. இவற்றில் கல்லாங்குத்து என்ற சொல்தான் ஆபத்தானது. பாறைத் தரிசு என்று எழுதிய இடத்தில் உசிலையும் வெப்பாலையும் நின்றாலும் ஏட்டில் அவை இல்லை. கல்லெடுக்க ஏலம் விடுகிறவருக்கு அதைவிட வசதியான சொல் வேறில்லை. சில மரங்களுக்கு 2சி பட்டா என்கிற மரப்பட்டா யாருக்காவது இருக்கும். நிலம் அரசுடையது, புளியம்பழம் அவருடையது. அந்தப் பட்டியலையும் முதலிலேயே எடுத்துவிட வேண்டும்.

எல்லையைக் கைபேசி வரைபடத்தில் போட்டுவிட்டு முடிந்தது என்று இருக்கக் கூடாது. மரத்தடியில் கைபேசி காட்டும் இடம் சில மீட்டர் தள்ளிப் போகும், வழக்கு வந்தால் நிற்காது. நில அளவையரை வைத்துக் கல்லுக்குக் கல் நடந்து, கல்லுக்குச் சுண்ணாம்பு அடிக்க வேண்டும். ஆக்கிரமிப்பு இருந்தால் குழு அமைப்பதற்கு முன்பே பேசி முடிப்பது நல்லது. பிறகு பேசினால் அந்த இரண்டு மூன்று குடும்பங்கள் குழுவையே உடைக்கும் வேலையில் இறங்கிவிடும்.

சட்டத்தில் மூன்று வாசல்கள் உண்டு. எந்த வாசல் என்பதை நிலத்தின் வகைதான் முடிவு செய்யும்.

காப்புக்காட்டுக்கு 2006ஆம் ஆண்டின் வன உரிமைச் சட்டம். சாப்டூர், வருசநாடு, சிறுமலைப் பக்கத்துப் பளியர் பழங்குடிக் குடியிருப்புகளுக்கு இதுவே முதன்மையானது. பழங்குடியினர் அல்லாதவர்கள் கேட்டால் 2005 டிசம்பர் 13க்கு முன் மூன்று தலைமுறை, அதாவது 75 ஆண்டுகள், அந்தக் காட்டில் குடியிருந்து அதை நம்பி வாழ்ந்ததைக் காட்ட வேண்டும். தமிழ்நாட்டில் நீதிமன்ற உத்தரவால் 2016 வரை உரிமைப் பட்டா வழங்குவதே தடைபட்டிருந்தது, அந்தத் தாமதத்தின் சுமை இன்னும் தெரிகிறது. படிவங்களில்தான் பலரும் ஏமாறுகிறார்கள். 'ஏ' தனிநபர் நிலத்துக்கு. 'பி' தேன், கடுக்காய், நெல்லி, மேய்ச்சல் போன்ற பயன்பாட்டு உரிமைகளுக்கு. காட்டைக் காக்கவும் மேலாண்மை செய்யவும் அதிகாரம் தருவது 'சி'. 'பி'யோடு நிறுத்திக்கொண்டால் எடுக்கும் உரிமை கிடைக்கும், அடுத்தவர் வெட்டுவதைத் தடுக்கும் உரிமை கிடைக்காது. இந்த மனுக்களுக்கான கிராமசபையில் பாதிப் பேராவது இருக்க வேண்டும், வந்தவர்களில் மூன்றில் ஒரு பங்கு பெண்கள் வேண்டும். தீர்மானம் நன்றாக எழுதப்பட்டும் கையெழுத்து எண்ணிக்கையில் மனு கவிழ இடமுண்டு.

'சி' படிவத்தின் எடையைப் பார்க்க மகாராஷ்டிரத்தின் கட்சிரோலி மாவட்டத்து மெண்டா லேகாவைப் பார்க்கலாம். 2009இல் சுமார் 1,800 ஹெக்டேருக்கு உரிமை கிடைத்தது. ஆனால் மூங்கிலை ஊருக்கு வெளியே கொண்டுபோக அனுமதிச் சீட்டை யார் தருவது என்ற இழுபறி 2011 வரை நீண்டது. சீட்டுப் புத்தகம் கிராமசபையின் கைக்கு வந்த பிறகுதான் உரிமை காசாக மாறியது.

காப்புக்காடு அல்லாத புறம்போக்குக்கும் கோயில்காட்டுக்கும் 2002ஆம் ஆண்டின் பல்லுயிர்ச் சட்டம் பொருந்தும். 2022 நவம்பரில் மேலூர்ப் பக்கத்து அரிட்டாபட்டி, மீனாட்சிபுரம் கிராமங்களில் 193.42 ஹெக்டேர் தமிழ்நாட்டின் முதல் பல்லுயிர்ப் பாரம்பரியத் தலமானது. 2025இல் அழகர்மலைக் காப்புக்காட்டை ஒட்டிய காசம்பட்டி வீரகோயில் காடு, வெறும் 4.97 ஹெக்டேர், இரண்டாவதாக வந்தது. பரப்பு சிறிது என்று ஒதுங்க வேண்டியதில்லை என்பதற்கு இந்த எண்ணே போதும். ஆனால் அறிவிக்கை மட்டும் காவல் நிற்காது. அரிட்டாபட்டித் தலத்தையும் உள்ளடக்கிய 2,015.51 ஹெக்டேர் டங்ஸ்டன் சுரங்கத்துக்கு 2024 நவம்பரில் ஏலம் போனது. கிராமசபைத் தீர்மானங்கள், டிசம்பர் 9இல் சட்டமன்றத் தீர்மானம், மேலூரிலிருந்து மதுரைக்கு நடந்த பெரும் பேரணி, இவ்வளவுக்கும் பிறகே 2025 ஜனவரி 23இல் ஏலம் ரத்தானது.

இந்தச் சட்டத்தின் கீழ் ஊராட்சியில் ஒரு பல்லுயிர் மேலாண்மைக் குழு அமையும். அது எழுத வேண்டிய ஏடு மக்கள் பல்லுயிர்ப் பதிவேடு. பசுமைத் தீர்ப்பாயம் நெருக்கியதும் நாடெங்கும் அவசரத்தில் நிரப்பிய பதிவேடுகள் நிறைய. ஓர் ஊரின் பட்டியல் அடுத்த ஊரிலும் அப்படியே இருக்கும். நல்ல பதிவேட்டில் மரத்தின் பெயரோடு எந்தச் சர்வே எண், எத்தனை நிற்கிறது, எந்த மாதம் காய்க்கிறது, யார் எடுக்கிறார்கள் என்பதெல்லாம் இருக்கும். வழக்கு என்று வந்தால் பேசப்போவது அந்த விவரம்தான்.

மூன்றாவது வாசல் வனத்துறையோடு சேர்ந்த கூட்டு மேலாண்மை. 1997இல் ஜப்பானியக் கடனோடு தொடங்கிய தமிழ்நாடு காடு வளர்ப்புத் திட்டத்தில் உருவான கிராம வனக் குழுக்கள் இதைச் சேர்ந்தவை. தலைவர் ஊர்க்காரர், உறுப்பினர் செயலர் வனவர், வங்கிக் கணக்கில் இருவர் கையெழுத்து. திட்டப் பணம் வந்தவரை கூட்டம் நடந்தது, நின்றதும் பல குழுக்கள் தூங்கிவிட்டன. வனவர் மாறுதலில் போனால் கணக்கு அசையாது. அதைவிட முக்கியம், குழுவுக்குக் காட்டிலிருந்து வருகிற சொந்த வருமானம் எதுவும் இல்லை. நீர்பாய்ச்சிக்கு நெல் வயலிலிருந்தே வந்தது, அதனால் அந்த முறை பல தலைமுறை நின்றது. காட்டுக் காவலின் கூலியும் காட்டிலிருந்தே வர வேண்டும்.

அது வரும் வழிகளில் நம் கரடுகளுக்கு மிகப் பொருத்தமானது உசிலை. உசிலம்பட்டிக்குப் பெயர் தந்ததாகச் சொல்லப்படும் மரம். வெட்ட வெட்டத் துளிர்க்கும், இலை தலைக்குத் தேய்க்கும் அரப்பாகும், தழை வயலுக்கு உரமாகும், கட்டை நின்று எரியும். மரம் வெட்ட அனுமதி பெற்ற 40 ஏக்கர் உசிலைக் கரட்டை எடுத்துக்கொள்வோம். அதை 5 ஏக்கர் வீதம் 8 கூப்பாக, அதாவது முறை வைத்து வெட்டும் பகுதிகளாகப், பிரித்து, ஆண்டுக்கு ஒரு கூப்பு வெட்டினால் ஒன்பதாம் ஆண்டில் முதல் கூப்புக்குத் திரும்பலாம். வெட்டுவது இலையுதிர்ந்த மாசியில். அப்போது சத்து வேரில் இருக்கும், சித்திரைக் கோடைமழைக்குத் துளிர் வந்துவிடும். ஐப்பசி அடைமழையில் வெட்டினால் வெட்டுவாய் அழுகும்.

தரையிலிருந்து அரை அடிக்குள், ஒரு பக்கம் சாய்வாக, மழைநீர் மேலே தேங்காதபடி வெட்ட வேண்டும். மொண்ணை அரிவாளால் கொத்தினால் பட்டை கிழிந்து அடிவரை பிரியும். அந்தப் பக்கம் துளிர் வராது. ஒரு கட்டையிலிருந்து பத்துப் பதினைந்து துளிர் கிளம்பும், அத்தனையையும் விட்டுவைத்தால் எல்லாம் குச்சியாகவே நிற்கும். ஒரு மழைக்காலம் கழித்துக் கட்டையின் அடியிலிருந்து வந்த இரண்டு மூன்றை நிறுத்திவிட்டு மற்றதைக் கழிக்க வேண்டும். கழித்தது ஆட்டுக்குத் தழை. பலர் விட்டுவிடுவது இந்த இரண்டாம் வேலையைத்தான், ஏனென்றால் அந்த ஆண்டு அதில் காசு வராது. ஏக்கருக்கு விதை தரும் தாய் மரங்கள் பதினைந்து இருபது, நாவல், இலுப்பை, ஆல், அத்தி அனைத்தும், ஓடையின் இரு பக்கமும் பத்து மீட்டர், கரட்டின் உச்சி ஆகியவற்றில் அரிவாள் படக் கூடாது. அரப்புக்கு இலை பறிப்பது மூன்று வயது தாண்டிய கூப்புகளில் மட்டும், அதிலும் மூன்றில் ஒரு பங்கு இலையை மரத்தில் விட்டு.

எவ்வளவு விறகு வரும் என்பதை ஏலத்துக்கு முன்பே ஊர் தெரிந்துகொள்ளலாம். கூப்புக்குள் பத்து மீட்டருக்குப் பத்து மீட்டர் சதுரம் நான்கை ஒன்றுக்கொன்று தள்ளி, நல்ல இடம் கெட்ட இடம் பார்க்காமல் கயிறு கட்டி, மணிக்கட்டுப் பருமனுக்கு மேற்பட்ட தண்டுகளை எண்ணுங்கள். 5 ஏக்கர் ஏறக்குறைய 20,000 சதுர மீட்டர், எண்ணியது 400. எனவே எண்ணிக்கையை 50ஆல் பெருக்கினால் கூப்பின் கணக்கு. இதைத் தெரிந்துகொண்டு ஏலத்தில் உட்காரும் குழுவை வியாபாரி லேசில் மடக்க முடியாது.

பெருங்கட்டை ஏலத்துக்குப் போகட்டும். சுள்ளி வீட்டுக்குப் போக வேண்டும், இதில் ஒரு நியாயக் கேள்வி இருக்கிறது. பழைய ஊர்முறைகளைப் புகழ்கிறவர்கள் மறக்கிற விஷயம்: ஊர்க்கூட்டம் நடந்த அந்த மந்தையில் பெண்களுக்கும் சேரிக்காரர்களுக்கும் பேச்சு இருந்ததில்லை. கரட்டுக்குத் தினமும் போகிறவர்களோ பெரும்பாலும் அவர்களே. நிலமுள்ளவருக்குத் தோப்பில் மட்டை கிடைக்கும், அவர் "காட்டை மூடுவோம்" என்று சுலபமாகக் கை தூக்கிவிடுவார். ஆகவே கையால் ஒடிக்கிற காய்ந்த விறகு எந்த நாளும் எல்லாக் கூப்பிலும் இலவசம், இரும்பு எடுத்துப் போவது திறப்பு வாரத்தில் மட்டும் என்று விதி வைப்பது நல்லது. கோயில்காட்டில் இதைவிடக் கடுமையான வழக்கமே உண்டு. பல ஊர்களில் விழுந்த சுள்ளியைக்கூட எடுக்க மாட்டார்கள், அதை அப்படியே விட்டுவிடலாம்.

ஆடு விஷயத்தில் "மேய்ச்சல் தடை" என்று பலகை வைத்தால் முதல் வாரமே தோல்வி. புதுத் துளிர் ஆட்டின் வாய்க்கு எட்டாத உயரம் போக ஏறக்குறைய மூன்று ஆண்டு ஆகும். ஆகவே கடைசி மூன்று ஆண்டில் வெட்டிய 3 கூப்புகள், 15 ஏக்கர், மூடல். மிச்சம் 25 ஏக்கர் திறந்திருக்கும். ஊர் ஆட்டுக்காரர்களோடு இதைப் பேசிவிடுவார்கள், வெளியூர்க் கீதாரிகளை மறந்துவிடுவார்கள். ராமநாதபுரம், சிவகங்கைப் பக்கத்திலிருந்து அறுப்பு முடிந்ததும் ஆடுகளோடு கிடை போட வருகிறவர்கள் அவர்கள். கிளை ஒடிக்கும் தொரட்டியோடு வருவார்கள், எந்தக் கூப்பு மூடியது என்று அவர்களுக்கு யாரும் சொல்லியிருக்க மாட்டார்கள். வயலில் கிடை போட அழைக்கும் சம்சாரிதான் அவர்களுக்கு வழியும் காட்ட வேண்டும். காப்புக்காட்டு மேய்ச்சலில் இன்னொரு விவரம்: 2022 மார்ச்சில் உயர்நீதிமன்றம் எல்லா வனங்களுக்கும் விதித்த தடை பின்னர் புலிகள் காப்பகம், சரணாலயம், தேசியப் பூங்கா என்று சுருக்கப்பட்டது. சாப்டூர்க் காடு 2021இல் அறிவிக்கப்பட்ட திருவில்லிபுத்தூர்-மேகமலைப் புலிகள் காப்பகத்தைச் சேர்ந்தது, அழகர்மலை அப்படியல்ல. இரண்டுக்கும் ஒரே பதிலைச் சொல்லி மாட்டுக்காரரை விரட்டுவது சரியில்லை.

இனி சீமைக்கருவேலம். ஜேசிபி வைத்து ஒரே வாரத்தில் துடைத்துவிட்டுப் படம் எடுத்துப் போடுவது எளிது. அடுத்த ஐப்பசி மழைக்கு அங்கே பாய் விரித்ததுபோல் கருவேலங்கன்றுகளே முளைக்கும். இயந்திரம் மண்ணைப் புரட்டி, ஆண்டுக்கணக்கில் புதைந்து கிடந்த விதையை மேலே கொண்டுவந்ததே காரணம். தரை மட்டத்தில் வெட்டுவதும் வீண், அடித்தண்டில் மண்ணை ஒட்டியிருக்கும் மொட்டுகளிலிருந்து புதராகக் கிளம்பிவிடும். மழை முடிந்து மண் ஈரமாக இருக்கும் மார்கழி, தையில் அடியைச் சுற்றி ஓரடி தோண்டி, அந்தக் கழுத்துப் பகுதியை முழுதாக எடுத்தால் பெரும்பாலும் மீண்டு வராது. நெற்று பழுத்து உதிரும் முன் வேலை முடிய வேண்டும். ஆடு மாடு தின்றால் விதை சாணத்தோடு பரவும். கண்மாய்க்குள் முழுதாக எடுப்பது சரி. கரட்டுச் சரிவில் நான் அதைப் பரிந்துரைக்க மாட்டேன். அங்கே அதன் நிழலில்தான் பறவை போட்ட காரை, குருந்துக் கன்றுகளும் காற்றில் வந்த வெப்பாலைக் கன்றுகளும் ஒளிந்திருக்கும். ஆண்டுக்கு ஒரு நீளப் பட்டையாகக் கருவேலத்தை எடுத்து, வெளிச்சம் கொடுத்து, அவற்றை மேலே வரவிட வேண்டும்.

கரிமூட்டத்துக்கு இதை வாங்குகிறவர்கள் உண்டு, முதல் இரண்டு ஆண்டின் காவல் கூலி இதிலேயே கிடைத்துவிடும். ஏலத்துக்கு முன் தாசில்தார், வனத்துறை மதிப்பீடு எல்லாம் முறையாக நடக்கட்டும். அதோடு குழு செய்ய வேண்டியது, நாட்டு மரம் ஒவ்வொன்றுக்கும் வெள்ளைப் பட்டை அடித்து எண்ணி எழுதி வைப்பது. இல்லாவிட்டால் கருவேலத்தோடு வெள்வேலும் உசிலையும் லாரி ஏறும். தூர் எடுத்து முடிக்கும்வரை வைப்புத்தொகையைத் திருப்பக் கூடாது என்பதையும் நிபந்தனையில் எழுதுங்கள். மேல்மரம் போனதும் ஆளையே பார்க்க முடியாது.

நடவைப் பற்றிக் குறைவாகவே சொல்லலாம். உயிருள்ள வேர்க்கட்டைகள் நிறைய உள்ள கரட்டில் மூன்று மீட்டருக்கு ஒன்றாக, ஹெக்டேருக்கு 1,111 குழி போடுவது காசுக்கும் வேருக்கும் கேடு. வெற்றிடம் பார்த்து நூறு, இருநூறு கன்று போதும். இலுப்பையும் வேம்பும் நாவலும் ஆனி, ஆடியில் விழும்போதே பொறுக்கி இரண்டு வாரத்துக்குள் நாற்றங்காலில் போட வேண்டும், அந்த விதைகள் காத்திருக்காது. உசிலை விதைக்கு வெந்நீரில் ஓர் இரவு ஊறல். நடுவது ஐப்பசி முதல் மழையில் மண் ஓரடி ஆழம் நனைந்த பிறகு. ஆடியில் ஒரு மழையைப் பார்த்து நட்டவை புரட்டாசி வெயிலில் கருகும். விதைப்பந்தை இந்தச் சரளைச் சரிவுகளில் எறிவதை ஒரு பிள்ளை விளையாட்டாகச் செய்யலாம், காடு வளர்ப்பாகக் கணக்கில் எழுத வேண்டாம். எறும்பு பாதியை எடுக்கும், மண்ணைத் தொடாத வேர் மிச்சத்தை முடிக்கும்.

நெருப்பு மாசி முதல் வைகாசி வரை. கூப்புகளுக்கு இடையே ஐந்து மீட்டர் அகலத்தில் தீத்தடுப்புக் கோடு, பொங்கல் முடிந்ததும் ஒருமுறை சுத்தம், பங்குனியில் சருகு விழுந்த பிறகு மறுபடி. மறுமுறையை விட்டால் முதல்முறைச் செலவு தண்டம். குலசாமி கும்பிடக் குடும்பம் குடும்பமாக வருகிற சிவராத்திரி இரவுதான் கோயில்காட்டுக்குப் பெரிய ஆபத்து. பொங்கல் அடுப்புகளுக்குக் காட்டுக்கு வெளியே ஓர் இடம் ஒதுக்கி, தண்ணீர்த் தொட்டியும் வைத்துவிட்டால் பாதிக் கவலை தீரும். எரியும் சரிவில் மேல்நோக்கி ஓடக் கூடாது என்பதைக் காவலர், இளைஞர் எல்லாருக்கும் சொல்லி வைக்க வேண்டும். பகலில் தீ காற்றோடு மேலேறும், 2018 மார்ச்சில் தேனி மாவட்டக் குரங்கணிப் புல்சரிவில் மலையேறிகள் தீயில் சிக்கிய துயரம் நினைவிருக்கும். எரிந்து முடிந்த பக்கத்திலிருந்து, காற்று தணிந்த மாலையில், பச்சைக் குழையால் அடித்து ஒடுக்குவதே முறை.

கோயில்காட்டை இன்று அதிகம் அழிப்பது விறகுவெட்டி அல்ல, திருப்பணி. வேலும் மண்குதிரையும் நின்ற இடத்தில் காங்கிரீட் மண்டபம், அதற்குப் பாதை, கிடாவெட்டுப் பந்திக்குக் கொட்டகை, வாகனம் நிறுத்த மைதானம், கடைசியில் நடைபாதைக் கல். பெருமரங்களைப் பயபக்தியோடு விட்டுவிட்டு அடிக்காட்டைத் "துப்புரவு" செய்கிறார்கள். முதலில் போவது கொடிகள், அடுத்து சூரையும் சங்கஞ்செடியும். அவற்றோடு பழம் தின்று விதை போடும் சின்னான் குருவிகளும் போய்விடும். நாற்பது ஆண்டு கழித்து ஒரு பெருமரம் சாய்ந்தால் அந்த இடத்துக்கு வர ஒரு கன்றும் இருக்காது. நன்கொடை கொடுக்கும் சென்னை, சிங்கப்பூர்ப் பங்காளிகளிடம் இதை வரைபடத்தோடு பேசி, கட்டடத்துக்கு இவ்வளவு சென்ட் என்று ஒரு கோடு போட்டுவிட வேண்டும்.

கணக்குக்கு மந்தைதான் இடம். ஆண்டுக்கு ஆறு கிராமசபைகள் உண்டு. ஜனவரி 26க்கு வரவு செலவு, தெண்டம், யாருக்கு எத்தனை சுமை போனது எல்லாம் உரக்கப் படிக்கட்டும். பணத்தில் குறைவிழுந்தால், குடும்பத்துக்கு இவ்வளவு என்று வாங்கும் தலைக்கட்டு வரியில் ஒரு சிறு பங்கு. அதே தையில் மரத்தையும் எண்ண வேண்டும். ஒவ்வொரு கூப்பிலும் முன்பு கயிறு கட்டிய சதுரங்களுக்கு மூலைக்கல் நட்டு வைத்தால் ஆண்டுதோறும் அதே இடத்தில் எண்ணலாம். கன்றுகளை மூன்றாகப் பிரித்தால் போதும்: முழங்காலுக்குக் கீழ், முழங்காலிலிருந்து நெஞ்சுவரை, நெஞ்சுக்கு மேல். முதல் வகை இல்லை என்றால் தரையை யாரோ கூட்டுகிறார்கள், அல்லது தாய் மரம் போதவில்லை. முதல் வகை நிறைய இருந்து நடு வகை இல்லாவிட்டால் ஆடு உள்ளே போகிறது, பலகை என்ன சொன்னாலும். நெஞ்சுக்கு மேலே சீமைக்கருவேலம் மட்டுமே என்றால் அதைப் பட்டை பட்டையாக அகற்றும் வேலை நின்றுபோயிருக்கிறது. இந்த எண்களைப் படித்த பிறகே அந்த மாசியில் கூப்பைத் திறப்பதா, இன்னும் ஓராண்டு மூடியே வைப்பதா என்ற பேச்சை எடுக்க வேண்டும்.